அந்த ஒண்ணு மட்டும்

புதன்கிழமைக்கு விசேஷம் ஒன்றும் கிடையாது.
குன்னூர் மார்க்கெட்டில் ரெஜினால்டு கடை
ஷட்டரைப் பாதி இறக்கியிருந்தது. குனிந்து கேட்டேன்.
"நாலு சாப்ஸ் இருக்கு, எலும்போட.
கொழுப்பை வெட்டி எறிஞ்சிடாதே, பாவம்."
ஆங்கிலப் பேப்பரில் சுற்றினார்,
அதன் மேல் தமிழ்ப் பேப்பர்,
அதற்கும் மேல் ஒரு ஜவுளிக்கடைப் பை.
நான் யார் வீட்டில் குடியிருக்கிறேன் என்று
அவருக்குத் தெரியும்.

சரிவில் எங்கள் தகரக் கூரை முடியும் உயரத்தில்
வீட்டுக்காரர் போஜனின் முற்றம் தொடங்குகிறது.
நடுவில் பதினெட்டுப் படி.
அட்வான்ஸை எண்ணியபடியே சொன்னார்:
"கோழி ஆக்குங்க, ஆடு ஆக்குங்க, மீனும் சரி.
அந்த ஒண்ணு மட்டும் வேண்டாம்."
பெயர் சொல்லாத ஒன்றுக்குத்
தலையாட்டுவது சுலபமாக இருந்தது.

பத்து மாதம் காப்பாற்றினோம்.

பேரிக்காய்தான் ஆரம்பித்து வைத்தது.
ஆவணி பிறந்ததிலிருந்து அவர் மரம்
எங்கள் தகரத்தின் மேல் கல்லெறிகிறது.
செலஸ்தீனா நைட் டூட்டி முடித்து வந்து தூங்கும்
பகல்களிலும் விடவில்லை.
நாட்டுப் பேரி, தோலெல்லாம் துரு,
கடித்தால் பல்தான் பெயரும்.
"இதை வேகவைத்துத்தான் பழிவாங்கணும்"
என்றாள் போர்வைக்குள்ளிருந்து.

இந்த வாரம் அவளுக்குப் பகல் டூட்டி.
எட்டேகால் மினி பஸ்ஸுக்குள் முடிக்க வேண்டும்.

இரும்புச் சட்டி. எண்ணெய் வேண்டியதில்லை.
உப்பும் மிளகும் தடவி
கொழுப்பு ஓரத்தை முதலில் நிறுத்திப் பிடித்தால்
அதுவே உருகி வழிவிடும்.
பக்கத்துக்கு நாலு நிமிஷம், பிறகு தட்டில் ஓய்வு.
அதே சட்டியில் வெங்காயம்,
கீறிய பச்சைமிளகாய் இரண்டு, ஒரு துண்டு பட்டை,
தோலோடு நறுக்கிய பேரி. சீவ நேரமில்லை.
நெல்லிக்காயளவு வெல்லம்.
வினிகர் பாட்டிலைத் தலைகீழாகத் தட்டினேன், காலி;
பாதி எலுமிச்சை இருந்தது, அதுவும் காய்ந்து.
அரை டம்ளர் தண்ணீர் விட்டதும்
அடியில் பிடித்திருந்த பழுப்பெல்லாம்
சடசடவென்று பேசத் தொடங்கியது.
கறியை மறுபடி இறக்கி மூடினேன்.
ஜன்னலையும் மூடினேன்.
கதவிடுக்கில் ஒரு கோணிச்சாக்கு.

பதினெட்டுப் படி மணத்துக்கு என்ன கணக்கு.

தட்டும் சத்தம்.
செலஸ்தீனா தட்டமாட்டாள், பெயரைக் கூப்பிடுவாள்.
கோணியைக் காலால் தள்ளித் திறந்தேன்.
போஜன். மப்ளர், டார்ச்,
தூறலில் தலை நனைய
கவிழ்த்துப் பிடித்த குடைக்குள் எட்டுப் பத்துப் பேரிக்காய்.
"விழுந்து கிடக்கு. வீணாப் போகுது."
வாசலை உடம்பால் அடைத்து நின்றேன்.
அவர் மூக்கு என்னைத் தாண்டி உள்ளே போய்
அடுப்பருகே சற்று நின்றது.
"கேக்கா?"
ஆமாம் என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன்.
திறந்தபடியே இருந்தது.

டார்ச் வெளிச்சம் என் முகத்திலிருந்து
கோணிக்கு இறங்கியது.
"ஜன்னலைத் திறந்து வையுங்க. சுவர் கறுத்துப்போகும்.
சுண்ணாம்பு அடிச்சு ஒரு வருஷம் ஆகலை."
காய்களை என் கையில், மடியில், தரையில் கொட்டிவிட்டுப்
படியேறினார். நாலாவது படியில் நின்று,
திரும்பாமல்:
"என் மரத்துக் காய் சீக்கிரம் வேகாது.
இன்னும் பத்து நிமிஷம் விடுங்க."

விட்டேன்.

அவள் ஈரக் கோட்டோடு வந்தாள்.
"தெருமுனை வரைக்கும் வாசனை. மாட்டிக்கிட்டோமா?"
"தெரியலை."
உண்மையாகவே தெரியவில்லை.
சுடுசோற்றில் குழம்பை ஊற்றி
எலும்பைக் கையில் பிடித்துத் தின்றோம்.
பேரி வெந்திருந்தது,
தொட்டால் நசுங்கும், தொடும்வரை வடிவம் விடவில்லை.
மிளகாய்தான் கொஞ்சம் தூக்கல்.

கூரையில் ஒன்று விழுந்து உருண்டது.
இரண்டு பேரும் மேலே பார்த்தோம்,
மெல்லுவதை நிறுத்தாமல்.